பாவு முடிந்த பிறகு தறியில் யார் உட்காருவது?

விடிவதற்கு முன்பே காஞ்சிபுரத்தின் சாலையோரங்களில் கம்பெனி பஸ்கள் வந்து நின்றுவிடுகின்றன. கழுத்தில் அடையாள அட்டை, கையில் டிபன் பை, கண்ணில் தூக்கம் கலையாத இளைஞர்களும் இளம்பெண்களும் ஏறிக்கொள்கிறார்கள். ஸ்ரீபெரும்புதூர், ஒரகடம், இருங்காட்டுக்கோட்டை, சுங்குவார்சத்திரம் என்று ஆளுக்கொரு திசை. அந்த பஸ்களில் போகிறவர்களில் பலர் தறி வீட்டில் பிறந்தவர்கள். நாடா ஓடும் சத்தத்தில் தூங்கிப் பழகியவர்கள். தார் சுற்றிக்கொண்டே வாய்ப்பாடு படித்தவர்கள். இன்று காரின் உதிரி பாகத்தையோ, செல்போனின் பலகையையோ பொருத்தப் போகிறார்கள்.

அவர்கள் முடிவெடுத்துவிட்டார்கள். இன்னும் முடிவெடுக்காதவரைப் பற்றியது இந்தக் கட்டுரை.

அவருக்கு இருபது, இருபத்தொரு வயது இருக்கும். ஐ.டி.ஐ. முடித்திருப்பார், அல்லது பி.காம். கடைசி ஆண்டில் இருப்பார். அப்பா ஐம்பதைத் தாண்டியவர். குழித்தறியில் கால் தொங்கப்போட்டு உட்கார்ந்து உட்கார்ந்து முழங்காலும் இடுப்பும் பேச ஆரம்பித்துவிட்டன. மாலை வெளிச்சத்தில் ஜரிகை இழை சரியாகத் தெரிவதில்லை. மகனுக்கு நெய்யத் தெரியும், அதுவும் நன்றாகவே தெரியும். அதனால்தான் இந்தத் தவிப்பு. தெரியாத தொழிலை விட்டுவிட்டுப் போவதில் வருத்தம் இல்லை. கைக்கு வந்த வேலையை விட்டுப் போவது வேறு. இவருக்கு இங்கே பெயர் வைக்கவில்லை. காஞ்சிபுரம் பிள்ளையார்பாளையத்தின் நெசவாளர் தெருக்களில் நடந்தால் பல வீடுகளில் இவரைப் பார்க்கலாம். சில வீடுகளில் இவர் மகன், சில வீடுகளில் மகள்.

அவர் எதை விட்டுப் போகத் தயங்குகிறார் என்பதைத் தெரிந்துகொள்ளாமல் அவருக்கு யோசனை சொல்ல யாருக்கும் தகுதி இல்லை.

காஞ்சிபுரம் பட்டின் உயிர் கோர்வையில் இருக்கிறது. புடவையின் உடல் ஒரு நிறம், கரை வேறொரு நிறம். இரண்டையும் தனித்தனியாக நெய்து தைத்து ஒட்டுவதில்லை. நெய்யும்போதே ஒன்றோடொன்று கோத்துக்கொண்டு வரும்படி நெய்கிறார்கள். அதற்குக் குறுக்கிழையை ஓட்டும் நாடாக்கள் மூன்று வேண்டும். உடலுக்கு ஒன்று, இரண்டு பக்கக் கரைக்கும் ஒவ்வொன்று. நெசவாளர் ஒருவரால் எல்லாவற்றையும் ஓட்டிவிட முடியாது. பக்கத்தில் ஓர் ஆள் உட்கார்ந்து ஒரு பக்கக் கரையின் நாடாவைத் தள்ள வேண்டும். இரண்டு பேரின் கையும் ஒரே தாளத்தில் போக வேண்டும். ஒருவர் கொஞ்சம் இழுத்துப் பிடித்தாலும் கரை சுருங்கும். உடலிலிருந்து முந்தி தொடங்கும் இடத்தில் நிறம் மாற வேண்டுமானால் வேலை இன்னும் நுணுக்கம். பழைய நிறப் பாவு இழைகளோடு, அதாவது தறியில் நீளவாக்கில் ஓடும் இழைகளோடு, புது நிற இழைகளை ஒவ்வொன்றாகத் திரித்து இணைக்க வேண்டும். இழைகள் ஆயிரக்கணக்கில் இருக்கும். அந்த ஒரு வேலைக்கே பொழுது போய்விடும். கல்யாண வீட்டில் முந்தியை விரித்துப் பார்த்து “நல்லா இருக்கே” என்கிற ஒரு நொடிக்குப் பின்னால் இத்தனை விரல் உழைப்பு இருக்கிறது.

பட்டு நூல் பெரும்பாலும் கர்நாடகத்திலிருந்து வருகிறது. ஜரிகை சூரத்திலிருந்து வருகிறது. காஞ்சிபுரத்திலேயே இயங்கும் தமிழ்நாடு ஜரிகை ஆலையும் கொடுக்கிறது. பட்டுக்குச் சாயம் ஏற்றுகிறவர் வேறு, பாவு ஓடுகிறவர் வேறு, பாவு பிணைக்கிறவர் வேறு, ஜாக்கார்டு பெட்டிக்கு அட்டை அடிக்கிறவர் வேறு. ஒரு பாவில் வழக்கமாக மூன்று புடவை. மூன்றும் அறுத்துக் கொடுத்த பிறகுதான் அடுத்த பாவைப் பற்றிய பேச்சு. தறி வீடுகளில் காலத்தைக் கணக்கிடுவதும் அப்படித்தான். “இந்தப் பாவு முடியட்டும், பாத்துக்கலாம்” என்ற சொல்லில் பள்ளிக் கட்டணமும் மருத்துவச் செலவும் மகளின் நிச்சயதார்த்தமும் தள்ளிப்போகின்றன. மகனின் எதிர்காலமும் இப்போது அதே சொல்லில்தான் தொங்கிக்கொண்டிருக்கிறது.

இந்த ஊரின் பட்டுக்கு 2005-06-ஆம் ஆண்டில் புவிசார் குறியீடு கிடைத்தது. வேறு ஊரில் நெய்ததை ‘காஞ்சிபுரம் பட்டு’ என்ற பெயரில் விற்கக் கூடாது என்ற உரிமை அது. நல்ல விஷயம். ஆனால் பெயருக்குப் பாதுகாப்பு கிடைத்த அதே ஆண்டுகளில்தான் அந்தப் பெயரை உருவாக்கிய கைகள் குறைந்துகொண்டே வந்தன. நாடு முழுக்கவும் இதே கதை. 1987-88 கணக்கெடுப்பில் இந்தியாவில் கைத்தறித் தொழிலில் இருந்தவர்கள் 65 லட்சத்துக்கும் மேல். 2009-10-இல் 43 லட்சம். 2019-20-இல் எடுத்த நான்காவது கணக்கெடுப்பில் 35 லட்சம். அந்தக் கணக்கெடுப்பில் இன்னொரு தகவலும் இருக்கிறது: ஏறத்தாழ மூன்றில் இரண்டு பங்கு நெசவாளர் குடும்பங்களின் மாத வருமானம் ஐயாயிரம் ரூபாய்க்கும் கீழே. காஞ்சிபுரத்துப் பட்டு நெசவாளரின் நிலை இந்த சராசரியைவிட மேல் என்பது உண்மை. ஆனால் புடவையின் விலையையும் கூலியையும் அருகருகே வைத்துப் பார்க்கிற மகனுக்கு அந்த ஒப்பீட்டில் ஆறுதல் கிடைக்காது. பட்டு விலை ஏறினாலும் ஜரிகைக்கான வெள்ளி விலை ஏறினாலும் புடவை விலை உடனே ஏறுகிறது. கூலி அந்த வேகத்தில் ஏறுவதில்லை.

பணத்தைவிட அதிகமாகக் குத்துவது இன்னொன்று. தறிக்காரருக்குப் பெண் கொடுக்கத் தயங்குகிறார்கள். கம்பெனியில் ஒப்பந்த வேலை என்றாலும் ‘கம்பெனி மாப்பிள்ளை’ என்ற சொல்லுக்கு ஒரு மதிப்பு இருக்கிறது. சொந்தத் தறி, சொந்த வீடு, கையில் தலைமுறைத் திறமை எல்லாம் இருந்தும் ஜாதகம் திரும்பி வருகிறது. பட்டுப்புடவை இல்லாமல் கல்யாணம் இல்லை என்கிற சமூகம், அதை நெய்கிறவனுக்குக் கல்யாணம் செய்துகொடுக்க யோசிக்கிறது. இதைவிடப் பெரிய அவமானம் ஒரு கலைஞனுக்கு என்ன இருக்க முடியும்? பிரியதர்ஷன் இயக்கிய ‘காஞ்சிவரம்’ படம், மகளுக்கு ஒரு பட்டுப்புடவை கொடுக்க முடியாத நெசவாளியின் கதையைச் சொன்னது. சிறந்த படத்துக்கான தேசிய விருதையும் பெற்றது. அந்தக் கதை நடப்பது சுதந்திரத்தை ஒட்டிய காலத்தில். இன்றைய மகன் அந்தக் காலத்துக் கொத்தடிமை இல்லை. அவருக்கு வெளியே போக வழி இருக்கிறது. போகலாமா என்பதுதான் கேள்வி.

“பரம்பரைத் தொழிலை விடலாமா? அழிந்துவிடுமே!” என்று நகரத்தில் உட்கார்ந்துகொண்டு கேட்பது எளிது. தமிழ்நாட்டில் அந்தக் கேள்வியைக் கேட்பவர் கொஞ்சம் வரலாறு தெரிந்துகொண்டு கேட்க வேண்டும்.

1953-இல் ராஜாஜி முதலமைச்சராக இருந்தபோது ஆரம்பக் கல்வியில் ஒரு மாற்றம் கொண்டுவந்தார். பிள்ளைகள் பாதி நேரம் பள்ளியில் படிக்க வேண்டும். மீதி நேரம் பெற்றோரின் தொழிலைக் கற்க வேண்டும். அதை எதிர்த்தவர்கள் ‘குலக்கல்வித் திட்டம்’ என்று பெயர் வைத்தார்கள். அந்தப் பெயரே நிலைத்தது. பெரியாரும் திராவிட இயக்கத்தினரும் மட்டும் அல்ல, காங்கிரஸுக்குள்ளேயே பலர் எதிர்த்தார்கள். 1954-இல் ராஜாஜி பதவி விலகினார். காமராஜர் வந்ததும் திட்டம் கைவிடப்பட்டது. நெசவாளி மகன் நெசவாளியாகவே இருக்க வேண்டும் என்று அரசாங்கம் சொல்லக் கூடாது என்பது இந்த மண் போராடி எடுத்த முடிவு. அந்த முடிவின் பிள்ளைகள்தான் இன்று பஸ் ஏறுகிறவர்கள். நெசவுக் குடும்பத்தில் பிறந்து, சின்ன காஞ்சிபுரத்திலிருந்து புறப்பட்டு முதலமைச்சரான அண்ணாவும் அப்பா வீட்டுத் தறியோடு நின்றுவிட்டவர் அல்ல.

இந்த விவாதம் பழைய ஏட்டோடு முடிந்துவிடவில்லை. 2023-இல் மத்திய அரசு ‘பிரதமரின் விஸ்வகர்மா’ திட்டத்தைத் தொடங்கியபோது, விண்ணப்பிப்பவரின் குடும்பம் பாரம்பரியமாக அந்தத் தொழிலில் ஈடுபட்டிருக்க வேண்டும் என்ற நிபந்தனையும், 18 என்ற குறைந்தபட்ச வயதும் தமிழ்நாட்டில் எதிர்ப்பைக் கிளப்பின. கல்லூரிக்குப் போக வேண்டிய வயதில் ஒரு பிள்ளையைக் குலத்தொழிலில் உட்கார வைக்கக் கடன் கொடுப்பதா என்ற கேள்வி எழுந்தது. 2024 நவம்பரில் தமிழக அரசு இப்போதைய வடிவில் அதைச் செயல்படுத்த முடியாது என்று மத்திய அரசுக்கு எழுதியது. குடும்பத் தொழில் நிபந்தனை இல்லாமல், 35 வயதைத் தாண்டியவர்களுக்கு என்று ‘கலைஞர் கைவினைத் திட்டம்’ 2025-இல் வந்தது. விஸ்வகர்மா பட்டியலின் 18 தொழில்களில் கைத்தறி நெசவு இல்லை. ஆனாலும் இந்த விவாதம் நம் இளைஞரின் வீட்டு வாசலைத் தொட்டுக்கொண்டுதான் போகிறது. தொழிலைக் காப்பாற்றுவதும் அதைப் பிறப்போடு கட்டிப்போடாமல் இருப்பதும் ஒரே நேரத்தில் நடக்க வேண்டும். இதுவரை நாம் இரண்டாவதில் உறுதியாக நின்றோம். முதலாவதில் அந்த உறுதி இல்லை.

தறிக்கு அருகில் உட்கார்ந்து பக்க நாடாவைத் தள்ளிய அந்த இன்னொரு ஆள் யார் என்ற கேள்வியும் இங்கே வருகிறது. பல ஆண்டுகள் அது ஒரு குழந்தை. சில நூறு, சில ஆயிரம் ரூபாய் முன்பணத்துக்காக அடுத்த வீட்டுத் தறியில் விடப்பட்ட குழந்தை. இந்தியப் பட்டுத் தொழிலில் இருந்த குழந்தைக் கொத்தடிமை முறையைப் பற்றி ஹியூமன் ரைட்ஸ் வாட்ச் அமைப்பு 2003-இல் வெளியிட்ட அறிக்கையில் காஞ்சிபுரமும் உண்டு. மாவட்ட நிர்வாகமும் தொண்டு நிறுவனங்களும் பல ஆண்டுகள் பாடுபட்டு அந்தப் பிள்ளைகளைப் பள்ளிக்கு அனுப்பினார்கள். காஞ்சிபுரத்தின் கடந்த நூறாண்டு வரலாற்றில் இதைவிட நல்ல காரியம் எதுவும் நடக்கவில்லை என்றே நான் நினைக்கிறேன்.

ஆனால் அந்தக் குழந்தைகள் எழுந்து போன இடத்தில், முறையான சம்பளத்தோடு பயிற்சி பெறும் பெரியவர்களை யாரும் உட்கார வைக்கவில்லை. கற்றுக்கொள்ளும் பழைய வழி கொடுமையானது. அதை மூடியது சரி. புதிய வழியைத் திறக்காமல் விட்டது தவறு. அதன் விலையை இப்போது அப்பாக்கள் கொடுக்கிறார்கள். உதவிக்கு ஆள் கிடைக்காததால் கோர்வை நெய்யத் தெரிந்தவரே கோர்வை இல்லாத புடவைக்கு மாறுகிறார். அல்லது மனைவி எதிர்ப்பக்கம் உட்காருகிறார். இன்னொரு ஆபத்தும் இருக்கிறது. குழந்தைத் தொழிலாளர் சட்டத்தில் 2016-இல் செய்த திருத்தம், 14 வயதுக்குக் கீழான பிள்ளைகள் பள்ளி நேரத்துக்குப் பிறகு குடும்பத் தொழிலில் உதவலாம் என்கிறது. வீட்டுக்குள்ளேயே இருக்கும் தறிக்கு இது எப்படிப்பட்ட கதவைத் திறந்துவிடும் என்பதை இந்த ஊரின் பழைய கதை தெரிந்தவர்களுக்கு விளக்க வேண்டியதில்லை.

எதிர்ப்பக்கம் உட்காருகிற அந்த மனைவியைப் பற்றி, மகளைப் பற்றி யாரும் பேசுவதில்லை. நான்காவது கணக்கெடுப்பின்படி நாட்டின் நெசவாளர்களில் பத்தில் ஏழு பேருக்கு மேல் பெண்கள். காஞ்சிபுரத்தில் தார் சுற்றுவதும், இழை பிரிப்பதும், அறுந்த இழைக்கு முடிச்சுப் போடுவதும், பக்க நாடா தள்ளுவதும் பெரும்பாலும் அவர்கள்தான். நெசவாளர் கூட்டுறவுச் சங்கத்தின் பாஸ்புக்கில் மட்டும் அப்பாவின் பெயர் இருக்கும். ‘மகன் தறியில் உட்காரவில்லையே’ என்று புலம்பும் வீட்டில் மகள் பன்னிரண்டு வயதிலிருந்து தறி வேலை செய்துகொண்டிருப்பாள். அது வேலையாகவே கணக்கில் வராது. அதனால்தான் அவளுக்குத் தொழிற்சாலை பஸ் வேறு மாதிரித் தெரிகிறது. தன் பெயரில் வங்கிக் கணக்கு, தன் பெயரில் சம்பளம். அவளைப் பாரம்பரியத்தின் பெயரால் தடுக்க எவருக்கும் உரிமை இல்லை.

சரி, பஸ் ஏறினால் எல்லாம் நிலையானதா?

நோக்கியா நிறுவனம் ஸ்ரீபெரும்புதூரில் 2006-இல் செல்போன் தயாரிக்கத் தொடங்கியபோது இந்த வட்டாரமே விழாக்கோலம் பூண்டது. கிராமத்துப் பெண்கள் சீருடையோடு வேலைக்குப் போனதைப் பெருமையாகப் பேசினோம். 2014 நவம்பரில் அந்த ஆலை மூடப்பட்டது. ஆயிரக்கணக்கானோர் இருபதுகளின் நடுவில், வேறு எங்கும் எடுபடாத அனுபவச் சான்றிதழோடு வீட்டுக்குத் திரும்பினார்கள். மறைமலைநகர் ஃபோர்டு ஆலையில் 2022-இல் உற்பத்தி நின்றது. 2021 டிசம்பரில், பாக்ஸ்கான் ஆலையின் பெண் தொழிலாளர்கள் விடுதி உணவால் நோயுற்று, நெடுஞ்சாலையில் உட்கார்ந்து போராடினார்கள். 2024-இல் சாம்சங் தொழிலாளர்கள் சங்கம் வைக்கும் உரிமைக்காக ஒரு மாதத்துக்கும் மேல் வேலைநிறுத்தம் செய்தார்கள். ஒப்பந்தத் தொழிலாளியாகச் சேர்ந்தவருக்கு எந்த மாதத்தோடு வேலை முடியும் என்பது தெரியாது. இரவு ஷிப்ட், நின்றுகொண்டே வேலை, மேற்பார்வையாளரின் கடிகாரம்.

இதையெல்லாம் சொல்லி அந்த இளைஞரைப் பயமுறுத்தி வீட்டிலேயே இருத்துவது என் நோக்கம் இல்லை. அந்தத் தொழிற்சாலைகள் பல குடும்பங்களுக்குக் கான்கிரீட் கூரையும் தங்கைகளுக்குக் கல்லூரியும் கொடுத்திருக்கின்றன. அப்பாவின் தறியில் நிச்சயமின்மை, கம்பெனியிலும் நிச்சயமின்மை என்றால், பையன் தெரிந்த துன்பத்துக்கும் தெரியாத துன்பத்துக்கும் நடுவில் நிற்கிறான் என்று பொருள். அதற்குப் பாரம்பரியப் பற்று என்றோ நவீன மோகம் என்றோ பெயர் வைத்து நாம் தப்பித்துவிடக் கூடாது.

அந்த வீடுகளில் இதைப் பற்றிய பேச்சு நேருக்கு நேர் நடப்பதே இல்லை. அப்பா வாய் திறந்து “நீ நெய்யணும்” என்று சொல்வதில்லை. “நான் பட்ட கஷ்டம் நீ பட வேணாம்” என்றுதான் சொல்வார். சொல்லிவிட்டு, பழுது பார்க்க வேண்டிய ஜாக்கார்டு பெட்டியைப் பற்றிப் பேச ஆரம்பிப்பார். மகனும் “போறேன்” என்று சொல்வதில்லை. “ஆறு மாசம் பாத்துட்டு வரேம்பா” என்பார். ஒருவரை ஒருவர் புண்படுத்தக் கூடாது என்ற அன்பில் இரண்டு பேரும் உண்மையைத் தள்ளிப்போடுகிறார்கள். என்னைக் கேட்டால், அந்த அப்பா ஒரு நாள் தெளிவாகச் சொல்லிவிட வேண்டும்: “தறி என்னோடது. உனக்குப் பிடிச்சா உட்காரு, பிடிக்கலேன்னா போ. என்னை நினைச்சு உட்காராதே.” அந்த ஒரு சொல் கிடைத்தால் பல பிள்ளைகளுக்கு மூச்சு வரும். போகிறவர் குற்ற உணர்வு இல்லாமல் போவார். இருக்கிறவர் விரும்பி இருப்பார்.

விரும்பி இருப்பவர்களும் இருக்கிறார்கள். குறைவுதான், ஆனால் இருக்கிறார்கள். கணினியில் டிசைன் போட்டு ஜாக்கார்டு அட்டைக்கு மாற்றும் வேலையைப் பிடித்துக்கொண்ட பிள்ளைகள் உண்டு. தங்கள் தெருவில் நெய்த புடவையை வாட்ஸ்அப்பிலும் இன்ஸ்டாகிராமிலும் படம் போட்டு, நடுவில் யாரும் இல்லாமல் விற்கிறவர்கள் உண்டு. சேலத்தில் 1960-இல் தொடங்கிய இந்தியக் கைத்தறித் தொழில்நுட்ப நிறுவனத்தில் டிப்ளமோ படித்து, அப்பாவின் கைப்பழக்கத்துக்குப் பின்னால் இருக்கும் வேதியியலையும் கணக்கையும் கற்றுக்கொண்டு வருகிறவர்கள் உண்டு. அவர்களிடம் ஒன்றைக் கவனிக்கலாம்: யாரும் அப்பாவின் தொழிலை அப்பா செய்த மாதிரியே செய்யவில்லை. நாடாவைப் பிடிக்கிற கை அதேதான். விலை பேசுகிற வாய் மாறியிருக்கிறது. கூலிக்கு நெய்வதிலிருந்து தன் பொருளைத் தானே விற்பதற்கு நகர்ந்தவர்களே நிலைக்கிறார்கள். அதற்குக் கையில் முதலீடு வேண்டும். ஒரு பாவுக்கான பட்டையும் ஜரிகையையும் சொந்தப் பணத்தில் வாங்குவது சாதாரணக் குடும்பத்தால் ஆகாத காரியம். முன்பணம் வாங்கிய முதலாளிக்கே நெய்து கொடுக்க வேண்டியிருப்பவருக்கு இன்ஸ்டாகிராம் கணக்கு இருந்தும் பயன் இல்லை.

இந்த இடத்தில்தான் அரசுக்கும் சங்கங்களுக்கும் வேலை இருக்கிறது. தமிழ்நாட்டில் கைத்தறி நெசவாளருக்கு இரண்டு மாதத்துக்கு 300 யூனிட் வரை இலவச மின்சாரம் உண்டு. 1985-இல் வந்த கைத்தறி ஒதுக்கீட்டுச் சட்டம் சேலை உட்படச் சில ரகங்களை விசைத்தறியில் நெய்யக் கூடாது என்கிறது; 1993-இல் உச்ச நீதிமன்றம் அந்தச் சட்டத்தை உறுதி செய்தது. சட்டம் புத்தகத்தில் பலமாக இருக்கிறது. கடைத்தெருவில் விசைத்தறிப் புடவை கைத்தறி என்ற பெயரில் விற்கிறது. இதைத் தடுக்காமல் ஆகஸ்ட் 7 அன்று தேசியக் கைத்தறி நாள் கொண்டாடி நெசவாளருக்குப் பொன்னாடை போர்த்துவதால் ஒரு பிள்ளையும் தறிக்குத் திரும்பப் போவதில்லை. பதினெட்டு வயது நிறைந்த எவரும், எந்தச் சாதியில் பிறந்தவரானாலும், ஆணானாலும் பெண்ணானாலும், மாதச் சம்பளத்தோடு கோர்வை கற்கும் பயிற்சித் தறிகள் காஞ்சிபுரத்தில் வேண்டும். சங்கத்தின் பாஸ்புக்கில் எதிர்ப்பக்கம் உட்காருகிறவரின் பெயரும் ஏற வேண்டும். தொழிற்சாலைத் தொழிலாளிக்குக் கிடைக்கிற வருங்கால வைப்பு நிதியும் மருத்துவக் காப்பீடும் தறியில் உட்காருகிறவருக்கும் கிடைக்க வேண்டும். இவை கிடைத்தால், தறிக்கும் கம்பெனிக்கும் நடுவில் அந்த இளைஞர் செய்வது உண்மையான தேர்வாக இருக்கும். இப்போது அவர் செய்வது தப்பித்தல், அல்லது தியாகம். இருபது வயதுப் பிள்ளையிடம் இரண்டையும் கேட்பது நியாயம் இல்லை.

வாங்குகிறவர்களுக்கும் இதில் பங்கு இருக்கிறது. கோ-ஆப்டெக்ஸ் நிறுவனம் பத்தாண்டுகளுக்கு முன்பே நெய்தவரின் பெயரையும் படத்தையும் புடவையோடு சேர்த்து விற்கத் தொடங்கியது. அந்த வழக்கம் எல்லாக் கடைகளுக்கும் பரவ வேண்டும்; வாங்குகிறவர் கேட்டால்தான் பரவும். உங்கள் வீட்டில் அடுத்த முகூர்த்தத்துக்குப் பட்டு எடுக்கப் போகும்போது, ஜரிகையில் எத்தனை பங்கு வெள்ளி என்று கேட்பதோடு நிறுத்திவிடாதீர்கள். கைத்தறி முத்திரை இருக்கிறதா என்று பாருங்கள். இதை நெய்தவர் யார், அவருக்கு எவ்வளவு கூலி போனது என்றும் கேளுங்கள். பதில் சொல்லத் தெரிந்த கடையில், முடிந்தால் நெசவாளர் கூட்டுறவுச் சங்கத்தில் வாங்குங்கள். உங்கள் உறவில் தறி வீட்டுப் பிள்ளை ஒருவர் வரன் தேடிக்கொண்டிருந்தால், ஜாதகத்தைத் திருப்பி அனுப்பும் முன் அவர் நெய்த ஒரு புடவையை விரித்துப் பாருங்கள்.